நரம்பின் மறை

எழுத்துக்கெல்லாம் மாத்திரை வகுத்து முடித்த தொல்காப்பியர், நூன்மரபின் கடைசிச் சூத்திரத்தில் ஒரு கதவைத் திறந்து வைக்கிறார். இசையில் உயிரும் ஒற்றும் தம் அளவைத் தாண்டி நீளும்; அது இங்கே பேசுகிற விஷயமல்ல, யாழ் நூலின் விஷயம் என்பது அதன் சாரம். அந்த நூலுக்கு அவர் தரும் பெயர் 'நரம்பின் மறை'. புத்தகத்தைத்தான் சொன்னாரா, ஒரு வித்தையையே அப்படிச் சொன்னாரா என்பதை உரைகாரர்களிடம் விட்டுவிடலாம். எனக்கு அது புத்தகமாகவே இருக்கட்டும். தன் மாத்திரைக்குள் அடங்காத சப்தங்களெல்லாம் குறிகளாகி உட்கார்ந்திருக்கும் ஒரு நூலை, நமக்குக் கிடைத்தவற்றில் மிகப் பழைய இலக்கணம் சுட்டிவிட்டு நிற்கிறது. நூல் நம் கைக்கு வரவில்லை. பண்டிதர்கள் இதற்குக் கடல்கோளை நொந்துகொள்வார்கள். நான் கேட்பது வேறு: சப்தத்தை முழுசாகக் குறியாக்கிவிட வேண்டும் என்ற ஆசை நியாயமானதுதானா?

அந்த நூலுக்குக் கிட்டத்தில் வருவது ஒரு பாறை. புதுக்கோட்டைப் பக்கம் குடுமியான்மலையில், ஏழாம் நூற்றாண்டுக் கிரந்த எழுத்தில், ஏழு பிரிவுகளாக ஸ்வரக் கோவைகள் வெட்டப்பட்டிருக்கின்றன. 1904இல் படியெடுத்தார்கள். ருத்ராசாரியாரின் சிஷ்யனான ஒரு ராஜா மாணவர்களின் நன்மைக்காகச் செய்தது என்று அதுவே சொல்கிறது. மகேந்திரவர்மன் என்பார்கள், மறுப்பவர்களும் உண்டு. இங்கே அது முக்கியமில்லை. ஒவ்வொரு ஸ்வரமும் அ, இ, உ, எ என்ற நான்கு உயிர்களோடு வருகிறது – ர, ரி, ரு, ரெ என்று. சில எழுத்துகளின் தலையில் புள்ளி. உயிர் எதைக் குறிக்கிறது, புள்ளி எதைக் குறிக்கிறது என்பதில் நூறு வருஷத்துக்கும் மேலாக அறிஞர்கள் ஒத்துப்போகவில்லை. ஸ்ருதி பேதம் என்பார் உண்டு. தந்தியை மீட்டும் முறை என்பார் உண்டு. எழுத்து இருக்கிறது, பாட ஆளில்லை. ஆனால் 'மாணவர்களுக்காக' என்ற ஒரு சொல்லை நாம் போதுமான அளவு யோசிக்கவில்லை என்று தோன்றுகிறது. புள்ளி என்ன என்று கேட்ட பையனுக்குப் பக்கத்தில் நின்றவர் வாயால் பாடிக் காட்டியிருப்பார். கல் தோற்கவில்லை, பக்கத்தில் நின்றவர் போய்விட்டார்.

பழவேற்காட்டுக் குப்பங்களுக்குச் சில வருஷங்களாகப் போய்வருவதால்தான் இந்தக் கேள்வி என்னை விடாமல் பிடித்திருக்கிறது. கோட்டைக்குப்பம், ஆண்டிக்குப்பம், நடுவூர்மாதாகுப்பம். ஏரியில் யார் என்றைக்கு எந்த இடத்தில் வலை கட்டலாம் என்ற முறைக்கு அங்கே 'பாடு' என்று பெயர். (நண்பர் ஒருவர் இதைப் 'பாடுவாயாக' என்று எடுத்துக்கொண்டு கவிதையே எழுதிவிட்டார். பாடு கிடைக்காதவனுக்கு அது கவிதையில்லை, சோறு.) கடல்பக்கம் கரைவலை குறைந்துவிட்டது. ஃபைபர் படகுக்கும் எஞ்சினுக்கும் பாட்டு வேண்டியதில்லை. வயசானவர்களிடம் கேட்டால் இழுவைப் பாட்டைப் பாடுகிறார்கள். ஏலேலோ, ஐலசா – எழுத்தில் அவ்வளவுதான். அந்த ஓகாரத்துக்கு மாத்திரை எத்தனை? வலையின் கனம் எத்தனையோ அத்தனை. கடைசியில் நிற்பவனின் கால் மணலில் புதைகிற வரைக்கும் ஒரு நீளம். கயிறு இளகியதும் வேறு நீளம். ஒரு பெரியவர் திண்ணையில் உட்கார்ந்து வெறுங்கையோடு பாட ஆரம்பித்து, நடுவில் நிறுத்திவிட்டார்: "இப்டி இல்ல சார். கவுறு இல்லாம வராது." செல்போனில் பிடித்தும் வைத்திருக்கிறேன். லிபியைவிடப் பெரிய காது அதற்கு. ஆனால் அது பிடித்ததும் கயிறு இல்லாத சப்தத்தைத்தான்.

இதே ஊரில், 1613இல் டச்சுக்காரர்கள் கட்டிய கெல்டிரியா கோட்டையில், 1630களில் பாதிரியாக இருந்தவர் ஆபிரகாம் ரோஜெரியஸ். சமஸ்கிருதம் அறியாதவர். பத்மநாபன் என்ற பிராமணர் பர்த்ருஹரியைப் போர்த்துகீஸில் விளக்கிச் சொல்ல, இவர் டச்சு வசனமாக்கிக்கொண்டார். 1649இல் இறந்துபோனார், நூல் 1651இல் லெய்டனில் வெளிவந்தது. இரண்டு பாஷைகளைத் தாண்டியதில் சுலோகத்தின் சப்தம் துளியும் மிஞ்சவில்லை. சொன்னவரின் பெயர் மிஞ்சியது. நம் நாட்டுப்பாடல் தொகுப்புகள் பலவற்றில் நிலைமை தலைகீழ்: சப்தத்தை ஓரளவு பிடித்துவிடுகிறோம், பாடியவர் 'ஒரு மீனவர்'. (என் திண்ணைப் பெரியவரின் பெயர் இங்கே இல்லாததற்குக் காரணம், போட வேண்டாம் என்று அவரே சொன்னது. ஏன் என்று சொல்லவில்லை.)

எழுதவே வேண்டாம், வாய்மொழி புனிதம், ஏடு அதைக் கொன்றுவிடும் என்று சொல்லும் கட்சி நம் வட்டத்திலும் உண்டு. லிபி கையில் இருப்பவனின் பேச்சு அது. தன் கவிதை அச்சில் வர வேண்டும். வலைக்காரன் பாட்டு மட்டும் காற்றில் கரைந்து புனிதமாக வேண்டும். கோட்டைக்குள் சுலோகம் சொன்னவருக்கு எழுதிக்கொள்ள ஒருவர் கிடைத்தார். வெளியே வலை இழுத்தவன் வாயைக் கேட்டு எழுதுவதற்காக அந்த நூல் புறப்படவில்லை. இதில் புனிதம் எங்கே இருக்கிறது?

எழுதத்தான் வேண்டும் – ஆனால் நரம்பின் மறையை எழுதுகிறோம் என்ற நினைப்பில் அல்ல. குறியே போதும் என்று ஆகிவிட்டால் பாடியவரிடம் திரும்பப் போக வேண்டியதில்லை. இந்தத் தடவை பாடு வந்ததா, முகத்துவாரம் அடைத்துக்கொண்டதா என்று விசாரிக்க வேண்டியதில்லை. முழுமையான குறி என்ற லட்சியத்தின் அடியில் ஆளை ஒழித்துக்கட்டும் சௌகரியம் ஒளிந்திருக்கிறது என்றே நினைக்கிறேன். குடுமியான்மலைக் குறிக்கு அந்தச் சௌகரியம் தெரியாது. பக்கத்தில் ஒரு ஆள் நிற்பார் என்று நம்பி வெட்டப்பட்டது அது. நமக்குப் புரியாமல் போனதும் அந்த நம்பிக்கையால்தான். எந்த அளவுக்கு அந்த நஷ்டத்தைச் சம்மதித்து எழுதலாம் என்பதற்கு என்னிடம் கணக்கு இல்லை.

என் நோட்டில் அந்த ஓகாரத்துக்கு மாத்திரை போடவில்லை. அரை வரி இடம் விட்டு, 'கயிறு' என்று எழுதியிருக்கிறேன்.