முதற் பிடி மா



யூதத் தாய்மார் ஓய்வுநாளுக்காக மாவைப் பிசைந்து, சடைபோலப் பின்னி, முட்டை பூசிப் பாண் சுடுவர். பெயர் 'ஹல்லா'. பின்னுமுன் ஓர் உருண்டையை ஆண்டவருக்கெனப் பிரித்து வைப்பர். எண்ணாகமம் (15:20) இட்ட கட்டளை அது. 'ஹல்லா' என்பது முதலில் அந்தக் காணிக்கையின் பெயரே. எருசலேம் ஆலயம் இருந்த காலத்தில் அது குருக்களைச் சேர்ந்தது. இன்று நெருப்பில் இடுகிறார்கள்.

வலப்பனைத் தோட்டத்து லயங்களில் போறணை ஏது? ரொட்டிக்கல் உண்டு. 1973-74 பஞ்சத்தையும், 2022-இல் மா விலை ஏறியதையும் அந்தக் கல் அறியும். தாய்மாரே, உங்கள் முதற் பிடியைக் குருவானவரிடம் கொண்டுவர வேண்டாம். அடுப்பெரியாத அடுத்த காம்பராவுக்குக் கொடுங்கள். உண்டு மிஞ்சியதைக் கொடுப்பது தயவு. உண்ணுமுன் எடுத்து வைப்பதே காணிக்கை. அந்த வீட்டுப் பிள்ளை பசியாறும்போது உங்கள் காணிக்கை ஆண்டவரைச் சேர்ந்துவிடும்.