நூலும் கணக்கேடும்

கற்றவன் நல்லவனாவான் என்பது நம்மவரிடையே நெடுங்காலமாக வழங்கிவரும் நம்பிக்கை. ஆயினும், தான் உண்ணும் சோற்றையே குற்றஞ்சாட்டும் நூலை ஒருவன் கற்பானாயின், அவன் என் செய்தல் வேண்டும்? நூலை மூடுவதா? சோற்றை விடுவதா? இரண்டுமின்றி, படிப்பை ஒரு பக்கமும் பிழைப்பை மற்றொரு பக்கமும் வைத்துக் காலந்தள்ளுவதா?

இவ்வினா எமக்கு வெறும் ஏட்டிலிருந்து எழுந்ததன்று. யாம் தோட்டமொன்றில் கிராணி வேலை பார்த்து வருகின்றோம். எம் மேசையிலே பகலில் செக்ரோலும் இரவில் மார்க்ஸின் ‘மூலதன’மும் இருக்கக் கண்ட நண்பரொருவர், “கிராணியாரே! பகலெல்லாம் முதலாளிக்குக் கணக்கெழுதுகிறீர். இரவில் முதலாளியைச் சாடும் நூலைப் படிக்கிறீர். இவற்றுள் எது மெய், எது வேடம்?” என்று கேட்டு நகைத்தார். யாமும் உடன் நகைத்தோம். ஆனால் அன்றிரவு எமக்கு உறக்கம் வரவில்லை.

வராமைக்குக் காரணம் உண்டு. அன்று நடந்ததை ஒளியாது கூறுவோம். எம் தோட்டம் முன்னர்ப் பால்மரத் தோட்டமாயிருந்து, பின்னர்ச் செம்பனைத் தோட்டமாக மாறியது. எம் பாட்டனார் பெரட்டுக்கு நின்ற களத்திலே இப்பொழுது வங்காளதேசத்தாரும் இந்தோனேசியரும் நிற்கின்றனர். அவருள் ஓர் இளைஞர் வெட்டிக் குவித்த குலைகளில் ஒன்பதைக் ‘காய்’ என்று மண்டோர் தள்ளிவிட்டார். தள்ளிய குலைக்குக் கூலியில்லை என்பது தோட்டத்துச் சட்டம். யாமும் அவர் பெயருக்கு நேரே ஒன்பதைக் கழித்தெழுதினோம். மாலையில் லாரி புறப்படுங்கால், அவ்வொன்பது குலைகளும் மற்றவற்றோடு ஆலைக்கு ஏறிச் செல்வதைக் கண்ணாரக் கண்டோம். கூலிக் கணக்கிலே காய். ஆலைக் கணக்கிலே பழம்! அவ்விளைஞரும் அதனைக் கண்டார். பின்னர் எம்மை நோக்கினார். அவர் மொழி எமக்குத் தெரியாது. ஆயினும் அப்பார்வையின் பொருளை அறிய மொழி வேண்டியதாயில்லை. யாம் ஏட்டை மூடிக்கொண்டு வீடு சென்றோம்.

சென்று எடுத்த நூலோ, 1867இல் வெளிவந்த ‘மூலதனத்தின்’ முதற் பாகம். அதிலே வேலை நாளைப் பற்றிய அதிகாரம் ஒன்றுண்டு. அவ்வதிகாரம் கடினமான தத்துவத்தால் ஆனதன்று. இங்கிலாந்தின் ஆலைக் கண்காணிப்பாளர்கள் அரசாங்கத்திற்கு எழுதிய அறிக்கைகளால் ஆனது. காலையில் மணியடிக்குமுன் சில நிமிடங்கள், உணவு வேளையில் சில நிமிடங்கள், மாலையில் சில நிமிடங்கள் என்று ஆலை முதலாளிகள் தொழிலாளரின் நேரத்தைக் கொறித்துக்கொண்ட செய்திகள் அங்கே அடுக்கடுக்காய் வருகின்றன. நாளொன்றுக்கு 5 நிமிடம் என்றால் சிறிதாகத் தோன்றும். ஆண்டில் 300 நாள் வேலையெனக் கொண்டால் அது 1,500 நிமிடம். அதாவது 25 மணி நேரம். பத்து மணி வேலையுள்ள நாட்கள் இரண்டரை, கூலியின்றிப் போயின! ஒன்பது குலையின் கணக்கும் இவ்வகையினதே அன்றோ?

இவ்விடத்தில் எம் போன்றார்க்கு எளிதான தப்பு வழி ஒன்றுண்டு. “குற்றம் முதலாளித்துவ அமைப்பினது, அதில் ஒரு பல்லாகச் சுழலும் நான் என் செய்வேன்?” என்பதே அது. இதற்கு ஆதாரமாக மார்க்ஸையே காட்டவும் கூடும். தனிமனிதன் சமுதாய உறவுகளின் விளைவாயிருத்தலின், அவ்வுறவுகளுக்கு அவனைப் பொறுப்பாளியாக்கத் தாம் முற்படவில்லை என்னுங் கருத்தை அந்நூலின் முன்னுரையிலேயே அவர் கூறியுள்ளார். ஆனால் நண்பர்களே, சற்றே ஆராய்ந்து பாருங்கள். “எல்லாம் தலைவிதி” என்று நம் பாட்டன்மார் கைகட்டி நின்றதை நாம் மூடத்தனம் என்கின்றோம். ‘விதி’ என்னும் பழைய சொல்லை எடுத்துவிட்டு, அவ்விடத்தில் ‘அமைப்பு’ என்னும் புதிய சொல்லை வைத்தால் மூடத்தனம் பகுத்தறிவாகிவிடுமோ? முதலாளித்துவத்தை ஆக்கியவர் யாம் அல்லேம், உண்மை. ஆயின் ஒன்பதைக் கழித்தெழுதிய கை எமது கைதானே!

மார்க்ஸும் மனிதனை வெறும் பொம்மையாக எண்ணினாரல்லர். சூழ்நிலையே மனிதனை ஆக்குகிறது என்போர், அச்சூழ்நிலையை மாற்றுகிறவனும் மனிதனே என்பதை மறந்துவிடுகின்றனர் என்னுங் கருத்தை 1845இலேயே தம் குறிப்புகளில் எழுதிவைத்தார். அக்குறிப்புகளை அவர் மறைவுக்குப் பின் 1888இல் வெளியிட்டவர் அவர்தம் தோழர் எங்கல்ஸ்.

இவ்வெங்கல்ஸின் வாழ்க்கை கணக்கெழுதும் ஒவ்வொருவரும் அறியத்தக்கது. அவர் தந்தையார் ஜெர்மானிய ஆலை முதலாளி. மான்செஸ்டரிலிருந்த பஞ்சாலையில் தந்தையாருக்குப் பங்கு உண்டு. 1842இல், தமது 22ஆம் வயதில், அவ்வாலையின் அலுவலகத்தில் வேலை பழக எங்கல்ஸ் அனுப்பப்பட்டார். ஓய்ந்த நேரத்தைச் செல்வர் விருந்துகளிற் போக்காது, தொழிலாளர் குடியிருப்புகளில் நடந்து, அவர்தம் வாழ்வைக் கண்டு, 1845இல் இங்கிலாந்துத் தொழிலாளர் நிலைமையைப் பற்றிய நூலை வெளியிட்டார். பின்னர் 1850இல் மீண்டும் அதே ஆலைக்குச் சென்று 1869 வரை உழைத்தார், 1864இல் பங்காளியுமானார். அங்ஙனம் ஈட்டிய பொருளில் ஒரு பகுதியே இலண்டனில் மார்க்ஸின் குடும்பத்தைக் காத்து, ‘மூலதனம்’ எழுதப்பெறுதற்குத் துணைநின்றது. ஆலை இலாபத்தால் வளர்ந்த நூல் ஆலை இலாபத்தின் மூலத்தை ஆராய்ந்தது!

இதனைக் கொண்டு, “எங்கல்ஸும் எம்மைப்போலத்தானே” என்று ஆறுதலடைதல் தகாது. அவர் கை தூயதென்றும் யாம் கூறோம். அவருண்ட உணவிலும் பிறர் உழைப்பு இருந்தது. வேற்றுமை ஒன்றே: தாம் இருந்த இடத்திலிருந்து கண்டதை அவர் மறைக்கவில்லை. ஆலைக் கண்காணிப்பாளர் லெனார்டு ஹார்னரையும் எண்ணிப் பாருங்கள். அவர் பொதுவுடைமைக்காரர் அல்லர். அரசாங்கச் சம்பளம் பெற்ற அதிகாரி. 1833 முதல் 1859 வரை அப்பதவியிலிருந்து, முதலாளிகளின் பகையையும் பொருட்படுத்தாது உள்ளதை உள்ளவாறு எழுதினார். மார்க்ஸ் அவரைத் தம் நூலிற் பாராட்டியுள்ளார். உண்மைக் கணக்கு ஒன்று இல்லையேல் அப்பெருநூலின் அவ்வதிகாரமே இல்லை. எனவே, கணக்கெழுதுவோன் சிறியவன். அவன் எழுதும் கணக்குச் சிறியதன்று.

மற்றொன்றும் கூறல் கடன். இந்நூல்களையும் வேதமாக்கிக்கொண்டால் விளையும் கேட்டினை உலகம் கண்டிருக்கிறது. சோவியத் நாட்டில் ஸ்டாலின் ஆட்சியில், 1937, 1938ஆம் ஆண்டுகளில் இலட்சக்கணக்கானோர் கொல்லப்பட்டனர். நூலின் பெயரால் கேள்வி கேட்போர் வாயடைக்கப்பட்டது. எந்நூலாயினும் கேள்விக்கு உட்பட்டதே. பிறரை அடக்கும் கோலாக அதனைப் பயன்படுத்துவோன், தன்னைச் சோதிக்கும் துலாக்கோலாக அதனைக் கொண்டிலன்.

தமிழர்க்கு இச்சிந்தனை புதிதன்று. 1923இல் சென்னையில் சிங்காரவேலர் மே தினம் கொண்டாடினார். 1848ஆம் ஆண்டுப் பொதுவுடைமை அறிக்கையின் பகுதியை 1931இல் ‘குடி அரசு’ தமிழில் வெளியிட்டது. அக்காலத்தில் நம் முன்னோர் உழைப்பவராய் நின்று அதனைக் கேட்டிருப்பர். இன்று நம்முள் சிலர் கணக்கெழுதுவோராய், மேற்பார்ப்போராய் நின்று படிக்கின்றோம். எதிரே நிற்பவர் வேற்று நாட்டார், வேற்று மொழியார் என்பதால் கணக்கு மாறிவிடுமோ? நம் பாட்டனாருக்கு நேர்ந்த அநீதியைச் சொல்லிக் கண்ணீர் விடுகிறவன், அதே அநீதியை வேறொரு பேரனுக்குத் தன் கையால் எழுதலாமோ?

மறுவாரம் யாம் நிர்வாகியாரிடம் சென்று, “லாரியில் ஏறிய குலையைக் கூலிக் கணக்கிற் கழிக்க எம்மால் இயலாது” என்றோம். கடுஞ்சொல் கேட்டோம். “நூல் படித்துக் கெட்டவர்” என்ற பட்டமும் கிடைத்தது. ஆயினும் அந்த ஒன்பது குலைக்கும் கூலி கொடுக்கப்பட்டது. இது புரட்சியன்று, முதலாளித்துவம் இதனால் அசைந்ததுமில்லை. தள்ளிய குலையை ஏற்றும் வழக்கம் முற்றும் ஒழிந்ததென்றும் சொல்வதற்கில்லை. யாம் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டியுள்ளது. கழித்தெழுதிய பழைய ஏடுகளும் அலமாரியில் எம் கையெழுத்தோடே இருக்கின்றன.

நண்பரின் கேள்விக்கு இப்பொழுது விடை கூறுவோம். பகலில் எழுதும் கணக்கு பொய்யாயின், இரவிற் படிக்கும் படிப்பு வேடமே. ஆதலால் படிக்கும் நண்பர்களே, நூலைத் திறக்குமுன் அன்றைய கணக்கேட்டைத் திறந்து பாருங்கள். கணக்கைத் திருத்தாத படிப்பு, எத்துணை உயர்ந்த நூலைப் பற்றியதாயினும், படிப்பாகாது.