நீக்கப்பட்ட இசை

ஐஸ்லாந்து நாட்டு இசைக்கலைஞர் யோஹான் யோஹான்சன் (1969–2018) இளமையில் ஹாம் போன்ற ராக் குழுக்களில் செவியை அதிரவைத்த கிட்டார் கலைஞர். பின்னர் திரையிசைக்கு வந்து, 2015இல் கோல்டன் குளோப் விருதும் பெற்றார். இத்தகையோரைக் கண்டதும் 'கலையை விலைபேசிவிட்டார்' எனத் தீர்ப்பிட நாம் விரைகிறோம்.

2017இல் வெளிவந்த 'மதர்!' படத்திற்கு அவர் ஏறத்தாழ 90 நிமிட இசையை அமைத்தார். (அப்படம் திருவிவிலியத்தைக் கையாளும் முறை நமக்கு உடன்பாடன்று, அது வேறு செய்தி.) படத்தோடு இணைத்துப் பார்த்தபோது இசை பொருந்தவில்லை. குறைத்துப் பார்த்தார்கள்; மாற்றியும் பார்த்தார்கள். முழுவதையும் நீக்குவதே தகும் என்று யோஹான்சனுக்கே தோன்றியது; இயக்குநர் அரனோஃப்ஸ்கியும் இசைந்தார். வீட்டின் கிறீச்சொலியும் நாயகியின் மூச்சொலியும் எஞ்சின.

அதே ஆண்டில் 'பிளேடு ரன்னர் 2049' படத்தில் அவருடைய பணி வேறு இருவரிடம் ஒப்படைக்கப்பட்டது. பிறர் எடுத்துக்கொள்வது இழப்பு. தாமே விட்டுக்கொடுப்பதற்குத் திருச்சபை 'வெறுமையாக்கல்' என்று பெயரிட்டிருக்கிறது. இரண்டையும் நாம் ஒன்றாக எண்ணலாகாது. தன் ஓசையே தனக்கு எல்லாமாக இருக்கும் மேடையில் இவ்விடுதலை எளிதில் வாய்க்குமா? ஊதியத்திற்கு உழைத்த இடத்தில் அது அவருக்கு வாய்த்தது. 'மதர்!' படத்தின் பெயர்ப்பட்டியலில் அவர் இசையமைப்பாளர் அல்லர். இசை, ஒலி ஆலோசகர்.