கடன்பட்ட தொண்டை

அப்பா என்னிடம் பதினோரு நாள் பேசவில்லை. அரசுப் பள்ளியில் பாட்டு டீச்சராகச் சேர்ந்த முதல் வருஷம். ஆண்டு விழாவுக்கு வந்த அதிகாரியின் பெயரை மோகன ராகத்தில் இணைத்து வரவேற்புப் பாட்டுக் கட்டி, பிள்ளைகளோடு நானும் நின்று பாடினேன். அன்று ராத்திரி அப்பா சாப்பிடாமல் படுத்துவிட்டார்.

ஜெயங்கொண்டத்துக்குப் பக்கத்தில் எங்களுக்குக் கொஞ்சம் முந்திரிக் காடு. அப்பா மார்கழி முழுக்கத் தெருத் தெருவாகப் பஜனை பாடிப் போகிறவர். ராமநவமி உற்சவத்துக்குக் கல்லங்குறிச்சி கலியுக வரதராஜப் பெருமாள் கோயிலுக்கு வருஷம் தவறாமல் என்னைக் கூட்டிப் போவார். அங்கே கும்பிடுவது கல் கம்பத்தை. "முகமில்லாத சாமி முன்னால பாடிப் பழகணும்மா. முகம் இருந்தா அது சிரிக்குதான்னு பார்த்துக்கிட்டே பாடத் தோணும்" என்பார். அந்த மௌனத்தைக் கலைத்துப் பன்னிரண்டாம் நாள் அவர் சொன்னது ஒரே வாக்கியம்: "தொண்டை அவன் குடுத்தது, அதை வாடகைக்கு விடாதே."

மனிதனைப் பாடலாமா என்ற கேள்வி அன்றிலிருந்து என் கூடவே இருக்கிறது. அதற்குப் பதில் தேடிப் போனபோதுதான் கனம் கிருஷ்ணையர் எனக்கு நெருக்கமானார்.

எங்கள் மண்ணின் பாட்டுக்காரர் அவர். அரியலூரை அடுத்த பெரிய திருக்குன்றத்தில் பிறந்து, உடையார்பாளையம் ஜமீனின் ஆதரவில் வாழ்ந்து, 1854-இல் மறைந்தவர். மறுவருஷம் பிறந்த உ.வே.சாமிநாதையருக்கு அவர் உறவினர். ஐயரின் தகப்பனார் வேங்கடசுப்பையர் கிருஷ்ணையரிடம் இருந்து பாட்டுக் கற்றவர். அரியலூர், குன்னம் பக்கத்து ஊர்களில் ராமாயணப் பிரசங்கம் செய்து குடும்பத்தை நடத்தினார். தான் கேட்டே இராத ஒரு குரலைப் பற்றி ஐயர் 1936-இல் ஒரு புத்தகமே எழுதினார். தகப்பனார் பாடிக் கேட்டதிலும் பேசிக் கேட்டதிலும் அந்தக் குரல் அவ்வளவு மிச்சம் இருந்திருக்க வேண்டும்.

கிருஷ்ணையர் செய்தது சாதாரணக் காரியமில்லை. சரபோஜி காலத்துத் தஞ்சாவூருக்குப் பொப்பிலி கேசவையா என்ற வித்துவான் வந்தார். அவர் பாடியது கன மார்க்கம். சங்கீதத்தில் கனம், நயம், தேசிகம் என்று மூன்று வழி சொல்வார்கள். நயம் குழைவு. கனம் என்பது நாபியிலிருந்து குரலை எழுப்பி, சபையே அதிரும்படி தானம் பாடுவது. அதற்கு ஞானம் மட்டும் போதாது, உடம்பு வேண்டும். நன்றாகப் பாடிப் பெயர் எடுத்திருந்த கிருஷ்ணையர் அந்த வழியைக் கேசவையாவிடமே தெரிந்துகொண்டார். அதன் பிறகு கபிஸ்தலத்தில் ராமபத்திர மூப்பனாரின் ஆதரவில் இருந்து அசுர சாதகம் செய்தார். பழகிய குரலைக் கலைத்துவிட்டு வேறொரு குரலை உடம்புக்குள்ளிருந்து தோண்டி எடுப்பது, பாடுகிறவனுக்குச் சொத்தையெல்லாம் ஒரே விதைப்பில் போடுகிற மாதிரி. விளைந்தது, கனம் என்ற பட்டம் பெயரோடு ஒட்டிக்கொண்டது.

இருபத்தைந்து வயதில் நானும் முந்திரிக் காட்டுக்குள் விடியற்காலை நின்று அப்படிப் பாடிப் பார்த்திருக்கிறேன். மூன்றாம் நாள் தொண்டை கட்டிக்கொண்டது, அடிவயிறு வலித்தது. அந்த வலியில்தான் ஒன்று புரிந்தது. அப்படிப் பாடுகிற உடம்புக்குப் பாலும் நெய்யும் வேண்டும். அந்தப் பாலையும் நெய்யையும் யாரோ ஒரு மனிதன் தந்திருக்கிறான். தொண்டை அவன் கொடுத்தது சரி. தொண்டைக்குக் கீழே இருக்கிற வயிறு?

கிருஷ்ணையர் முருகனைப் பாடினார். உடையார்பாளையம் ஜமீன்தார் கச்சி யுவரங்கனையும் பாடினார். தலைவனை நினைத்து ஒரு பெண் உருகுகிற அதே பதம், அதே ஏக்கம். பெயர் மட்டும் வேறு. இதே கிருஷ்ணையர் திருவையாற்றில் தியாகராஜரைச் சந்தித்தவர் என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் சிலிர்க்கிறது. தியாகராஜர் மனிதனைப் புகழ்ந்து பாடும் நரஸ்துதி செய்யமாட்டேன் என்று உஞ்சவிருத்தியில் வாழ்ந்தவர். அவர் சொம்பில் விழுந்த அரிசியும் மனிதர்கள் போட்டதுதான். ஆனால் போட்டவர்கள் பாட்டில் தங்கள் பெயரைக் கேட்கவில்லை. அந்த வித்தியாசம் பெரியது. அதை நான் குறைத்துச் சொல்லமாட்டேன்.

அப்பாவின் பக்கம் பெரிய சாட்சிகள் இருக்கிறார்கள். என் கவி மனிதருக்கு அல்ல என்று நம்மாழ்வார் திருவாய்மொழியில் ஒரு பதிகமே பாடினார். திருப்புகலூர்ப் பதிகத்தில் சுந்தரர் புலவர்களைக் கூப்பிட்டுச் சொல்வதும் அதுதான். ஆனால் சுந்தரரைத் திரும்பத் திரும்பப் படித்தபோது அவர் கோபம் எங்கே இருக்கிறது என்று கண்டேன். வலுவில்லாதவனை வீமன் என்றும் கொடுக்காதவனைப் பாரி என்றும் பாடுவதை அவர் சாடுகிறார். பாவம் பொய்யில் இருக்கிறது. அதே சுந்தரர்தான் திருவாரூரில் அடியார்களை, மனிதர்களை, பெயர் பெயராகச் சொல்லித் திருத்தொண்டத்தொகை பாடினார். நம்மாழ்வாரின் சீடர் மதுரகவியோ திவ்வியப் பிரபந்தத்தில் பெருமாளைப் பாட வரவில்லை. தம் ஆசாரியனை, ஒரு மனிதனை, பதினொரு பாசுரத்தில் பாடிவிட்டு முடித்துக்கொண்டார். வைணவம் அதைத் தள்ளவில்லை, நடுவில் வைத்துக் கும்பிடுகிறது.

அப்படியென்றால் யுவரங்கன் பதம்? அதில் வருகிற ஏக்கம் பொய்யில்லை. கேட்கிற எல்லோரும் பட்டிருக்கிற ஏக்கம் அது. ஆனாலும் பெயர் வெறும் பெயர் என்று என்னால் தள்ளிவிட முடியாது. அந்தப் பெயருக்குப் பின்னால் நிலமும் அதிகாரமும் நின்றன. ஜமீனின் செல்வத்தைப் புகழ்கிற இடம் வந்தால் என் குரல் தானாகத் தாழ்ந்துபோகிறது. ஏக்கம் வருகிற இடத்தில் எழும்புகிறது.

என் வரவேற்புப் பாட்டையும் இந்தத் தராசில் வைத்துப் பார்த்தேன். அந்த அதிகாரியை நான் அதற்கு முன் பார்த்ததே இல்லை. அவரைக் கருணைக்கடல் என்று பாடினேன். அப்பா பேசாமல் இருந்தது சரிதான்.

பல வருஷம் கழித்துப் பள்ளிச் சத்துணவு ஆயா ஒருத்தர் புற்றுநோயில் படுத்திருந்தார். இருபது வருஷம் எங்கள் பிள்ளைகளுக்குச் சோறு போட்டவர். பார்க்கப் போனபோது, "ஒரு பாட்டுப் பாடு டீச்சர்" என்றார். அம்மன் பாட்டு ஒன்று பாடினேன். "சாமி பாட்டு நெறைய கேட்டாச்சு" என்றார். அதே மோகனத்தில் அவர் பெயரை வைத்து, அவர் கை மணத்தை, தட்டு ஏந்தி நின்ற வரிசையை, இரண்டாம் தடவை கேட்ட பிள்ளைக்கு அவர் ஒருநாளும் இல்லையென்று சொல்லாததை, அங்கேயே கட்டிப் பாடினேன். அவர் வெட்கப்பட்டு முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டார். அப்பாவிடம் வந்து சொன்னேன். வயதாகி அவருக்கு அப்போது குரல் போய்விட்டிருந்தது. "பல்லவி என்ன?" என்று மட்டும் கேட்டார்.

இப்போது சனிக்கிழமை சாயங்காலங்களில் உடையார்பாளையம் பயறணீசுவரர் கோயிலில் உட்கார்ந்து நாலு பெண்பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுக்கிறேன். போன மாதம் கிருஷ்ணையரின் பதம் ஒன்றை எடுத்தோம். எட்டாம் வகுப்புப் படிக்கிற ஒருத்தி கண்ணை மூடிக்கொண்டு அவ்வளவு உருக்கமாகப் பாடினாள். முடித்ததும், "ஸ்ரீரங்கத்துப் பெருமாள்தானே டீச்சர் இந்த ரங்கன்?" என்றாள்.

"இல்லம்மா. இந்த ஊர் ஜமீன்தார். இந்தப் பாட்டைக் கட்டினவருக்குச் சோறு போட்டவர்" என்றேன்.

அவள் கொஞ்ச நேரம் அரண்மனைப் பக்கம் பார்த்தாள். பிறகு சுருதிப் பெட்டியை என் பக்கமிருந்து தன் பக்கம் நகர்த்திக்கொண்டு, மறுபடியும் முதலிலிருந்து பாடத் தொடங்கினாள்.