கேட்டுக்கொண்டால் கட்டாயம் ஆகாதா?

2022-இல் இந்தோனேசியாவின் யோக்யகர்த்தா பகுதியில், ஓர் அரசு மேல்நிலைப்பள்ளியின் ஆலோசனை அறையில் ஒரு மாணவிக்கு ஆசிரியர்கள் தலையை மறைக்கும் ஜில்பாப் துணியை அணிவித்தார்கள். எப்படி அணிவது என்று காட்டிக்கொடுத்தோம், அவ்வளவுதான் என்றது பள்ளி. அந்தப் பெண் கழிப்பறைக்குள் போய் நெடுநேரம் அழுததாகச் செய்திகள் கூறின. ஆளுநராகவும் இருக்கும் சுல்தான், தலைமையாசிரியரையும் மூன்று ஆசிரியர்களையும் தற்காலிகமாகப் பணியிலிருந்து விலக்கினார்.

ஜில்பாப் அங்கே நீண்ட வழக்கின் பொருள். அதிபர் சுகார்த்தோவின் ஆட்சியில், 1982-இல் வந்த சீருடை விதி அரசுப் பள்ளிகளில் அதற்கு இடம் தரவில்லை. தலையை மறைத்தே வகுப்புக்கு வருவோம் என்று நின்ற மாணவியர் வெளியேற்றப்பட்டார்கள். பலர் தனியார் பள்ளிகளுக்கு மாறினார்கள். 1991-இல்தான் அனுமதி கிடைத்தது. பிறகு காற்று திசை மாறியது. 2005-இல் படாங் நகர மேயர் முஸ்லிம் மாணவியருக்கு அதைக் கட்டாயமாக்கினார். பிற சமயத்தவருக்குப் பரிந்துரைத்தார். 2021 ஜனவரியில் அதே நகரில், ஒரு கிறிஸ்தவ மாணவியின் பெற்றோரிடம் பள்ளி நிர்வாகம் அதையே வலியுறுத்திய காணொலி நாடெங்கும் பரவியது. அணிவதும் அணியாததும் மாணவியின் விருப்பம் என்று மூன்று அமைச்சர்கள் பிப்ரவரியில் கூட்டாணை பிறப்பித்தார்கள். மே மாதம் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது.

தடையும் தவறு, கட்டாயமும் தவறு என்று சொல்வது எளிது. கடினமான கேள்வி இரண்டுக்கும் நடுவில் இருக்கிறது. எழுத்தில் விதி இல்லை; ஆசிரியர் அன்பாகக் கேட்கிறார்; வகுப்பில் எல்லாரும் அணிந்திருக்கிறார்கள். அப்போது ஒரு மாணவி அணிந்துகொண்டால் அது அவளுடைய முடிவா?

தோழியர் சொல்வது வேறு, ஆசிரியர் சொல்வது வேறு. பதினாறு வயதில் தோழியின் பேச்சு எவ்வளவு அழுத்தினாலும் மறுத்துப் பேசலாம், சண்டை போடலாம், வேறு தோழியைத் தேடலாம். ஆசிரியரிடம் அது முடியாது. மதிப்பெண் அவர் கையில், நன்னடத்தைக் குறிப்பும் அவர் கையில். மறுத்தால் என்ன ஆகும் என்று தெரியாத நிலையில் ஒரு சிறுமி சொல்லும் 'சரி'யைச் சம்மதம் என்று எடுத்துக்கொள்ள யாருக்கும் உரிமையில்லை. ஆசிரியரின் நல்லெண்ணம் இந்தக் கணக்கை மாற்றாது. நல்லெண்ணத்தோடு கேட்பவரிடம் மறுப்புச் சொல்வதுதான் இன்னும் கடினம்.

மறுதரப்பின் வாதத்தையும் அதன் முழு வலுவோடு கேட்க வேண்டும். படாங் நகரம் இருக்கும் மேற்குச் சுமத்திராவின் மினாங்கபாவ் மக்கள் தங்கள் மரபு இஸ்லாமிய மார்க்கத்தின்மேல் நிற்கிறது என்று நம்புகிறவர்கள். கூட்டாணையை எதிர்த்து நீதிமன்றம் போனதும் அவர்களின் மரபு அமைப்புதான். பிள்ளைகளுக்குத் தங்கள் வாழ்க்கைமுறையைக் கையளிக்க ஒரு சமூகத்துக்கு நிச்சயம் உரிமை உண்டு. எத்தனையோ பெண்கள் முழு மனத்தோடு ஜில்பாப் அணிகிறார்கள். எண்பதுகளில் அதற்காகப் படிப்பையே பணயம் வைத்தவர்களும் உண்டு. அவர்களுடைய துணிவுக்கு மதிப்பு வந்ததே அவர்கள் தாமாகத் தேர்ந்ததால்தான். ஆலோசனை அறையில் தலையில் கட்டிவிடும் துணியில் அந்த மதிப்பு ஒட்டாது.

ஆசிரியர் தம் நம்பிக்கைப்படி உடுத்தலாம். சமய வகுப்பில் அதன் பொருளை விளக்கலாம். மாணவி தானாக வந்து கேட்டால் மனம் திறந்து பேசலாம். ஆனால் அவளைத் தனியே அழைத்து உட்காரவைத்து, ஏன் அணியவில்லை என்று கேட்கக் கூடாது. எவ்வளவு கனிவான குரலிலும்.