முன்னறிவின் விலை

பிறர் நெஞ்சில் அடுத்து எழப்போகும் எண்ணம் இன்னதென்று முன்கூட்டியே அறிந்துவிட்டால் வாழ்வில் இடறாமல் நடந்துவிடலாம் என்னும் ஆசை மாந்தர்க்குப் பழையது. அந்த ஆசையை ஓர் உலோகமாக உருக்கிக் காட்டியவர் பிராண்டன் சாண்டர்சன் என்னும் அமெரிக்க எழுத்தாளர். 2006இல் தொடங்கி 2008இல் நிறைவுற்ற அவருடைய ‘மிஸ்ட்பார்ன்’ புதினங்கள் மூன்றில், உலோகத்தை விழுங்கி உள்ளுக்குள் எரித்து ஆற்றல் பெறுவோர் வருகின்றனர். துத்தநாகம் பிறர் உணர்ச்சியைக் கிளறும். பித்தளை அதைத் தணிக்கும். செம்பு, எரிப்பவரின் உள்ளத்தை அவ்விரண்டுக்கும் எட்டாமல் காக்கும். இவற்றினும் அரியது ஏட்டியம். அதை எரிப்பவன், எதிரே நிற்பவன் அடுத்த சில கணங்களில் செய்யப்போவதை நிழலுருவாகக் காண்பான். கண்டதை அக்கணமே உணர்ந்து செயல்படும்படி அவன் அறிவும் விரிந்துகொடுக்கும். சிறு மணியளவே ஆன துண்டு; எரிந்து தீரச் சிறுபொழுதே போதும்.

கற்பனை உலோகமேயானாலும், அதைச் சூழ்ந்து எழும் ஆசையும் அச்சமும் நம்மிடையே உலவுபவையே. கதை நிகழும் நாட்டின் பெருங்குடியினர் ஏட்டியத்தைப் பெரும்பொருள் கொடுத்து வாங்கிப் பேழையில் பூட்டிவைத்தனர். இருவர் ஒருசேர எரித்தால் நிழல்கள் பலவாகப் பெருகி, எதுவும் தெளிவுறாது போகும். ஆகவே பகைவனிடமும் அது இருக்கும் நாளில், உடையவனுக்குக் கிட்டும் மேன்மை என்று ஒன்றும் இல்லை; இல்லாது போகும் நாளின் அச்சம் மட்டுமே அவனிடம் எஞ்சும். வேண்டும் என்பதற்காக அன்றி, இல்லாமற்போனால் என்னாகுமோ என்பதற்காகவே பொருள் சேர்ப்பவன், சேர்க்கச் சேர்க்க அமைதி இழப்பான். வாழ்நாள் முழுதும் அயலான் கையையே பார்த்திருந்தவனுக்குத் தன் கை செய்த நன்மை தீமைகளை எண்ணிப்பார்க்கப் பொழுது எங்கே வாய்க்கும்?

அந்த உலோகம் வந்த வழியைப் பேசாமல் மேலே செல்வது முறையன்று. ஹாத்சின் என்னும் குழிகளில், படிகங்கள் மண்டிய ஒடுங்கிய பிளவுகளுக்குள் சிறைப்பட்டோர் கைகளை நுழைத்துத் துழாவினர். கூர்முனைகள் தோலைக் கிழித்தன. கிழமைக்கு ஒன்றேனும் ஏட்டியம் பொதிந்த கற்கூட்டைக் கொணராதவன் கொல்லப்பட்டான். கெல்சியர் என்பவனும் அவன் மனைவி மேரும் அங்கே தள்ளப்பட்டனர். வெறுங்கையனாய் நின்ற கணவனுக்குத் தான் கண்டெடுத்ததை ஈந்து, அதன் பொருட்டு அவள் அடிபட்டு மாண்டாள். மாளிகையில் இருந்துகொண்டு எதிராளியின் அடுத்த அசைவைக் கண்டு மகிழ்ந்தவன் எவனும், அம்மணியை எடுத்து வந்த கையின் தழும்பைக் கண்டதில்லை. நாம் துய்க்கும் ஒவ்வொரு மேன்மைக்குப் பின்னும் யாரோ ஒருவரின் கை பிளவுக்குள் நுழைந்திருக்கிறது. அது யாருடைய கை என்று கேளாமல் துய்ப்பவன், எவ்வளவு அறிந்தவனாயினும் அறம் அறிந்தவன் ஆகான். மேரின் கொடையை நினைக்கும்போதெல்லாம் என் நெஞ்சு கனக்கிறது. அவள் கண்ட எதிர்காலம் ஒன்றே ஒன்று. அதைக் காண அவளுக்கு எந்த உலோகமும் தேவைப்படவில்லை.

கெல்சியர் பின்னாளில் திரும்பிச் சென்று அப்படிகங்களைச் சிதறடித்தான். அச்செயலில் சினமும் நீதியும் பிரிக்க முடியாதபடி கலந்திருந்தன என்றே கருதுகிறேன். ஊற்று வறண்ட பின்னரும் ஆசை வறளவில்லை. எங்கோ மறைந்து கிடப்பதாகச் சொல்லப்பட்ட ஏட்டியக் குவையை நாடிப் படைகள் தலைநகரை வளைத்தன.

இரண்டாம் புதினத்தில் வின் என்னும் இளம்பெண் செய்ன் என்பவனை எதிர்கொள்ளும் இடம், என் எண்ணத்தில், இக்கதையின் உயிர்நாடி. அவனிடம் ஏட்டியம் இருந்தது, அவளிடம் இல்லை. அவள் ஓங்குமுன்பே அவன் விலகினான். அவள் விலகுமுன்பே அவன் வெட்டினான். அந்நிலையில் அவள் பதற்றத்தை ஒடுக்கி, அவனையே உற்று நோக்கலானாள். தான் செய்யப்போவதைக் கண்டு அவன் முந்துகிறான் எனில், அவன் முந்தும் அசைவிலேயே தன் அடுத்த செயல் எழுதப்பட்டிருக்கிறது அன்றோ? அதைப் படித்தாள், படித்த கணமே தன் செயலை மாற்றினாள், வென்றாள். கள்வர் கூட்டத்தில் அஞ்சி அஞ்சி வளர்ந்தவள் அவள். பிறர் முகம் நோக்கி உயிர்பிழைத்த ஆண்டுகள் அவளுக்குப் பின்னே நின்றன. எரித்துப் பெற்ற அறிவு எரிந்து தீர்ந்தவுடன் அகலும். ஒடுங்கியிருந்து பயின்ற அறிவு அவரவர் இயல்பாகவே ஊறிவிடும். திருவள்ளுவர் குறிப்பறிதலுக்கென இரண்டு அதிகாரங்களை ஒதுக்கியிருப்பது, கூறாததை உணரும் திறம் அவையிலும் இல்லத்திலும் ஒருங்கே பயிலத்தக்கது என்பதால்தான் என்று கொள்கிறேன். அத்திறத்துக்கு நாவடக்கமும் பொறுமையும் வேண்டும். இளமையில் பழகாதவர்க்கு முதுமையில் அவை எளிதில் கைகூடுவதில்லை.

மூன்றாம் புதினத்தில், ஏட்டியம் என்பது உலகை அழிக்கத் துடிக்கும் ‘அழிவு’ என்னும் பேராற்றலின் உடற்கூறே என்பது புலனாகிறது. ஆயிரம் ஆண்டு ஆண்ட பேரரசன் அதைச் சேர்த்து மறைத்தே வந்தான். சேர்ந்து கிடக்கும்வரை அது அழிவின் கைக்கு எட்டக்கூடிய பொருளாகவே இருந்தது. இறுதியில் அக்குவை, நூல்களோடு வளர்ந்து அரியணை ஏறிய எலெண்டிடமும், தமக்குள் இருந்த ஆற்றலை அண்மையிலேயே அறிந்த படைவீரர் சிலரிடமும் வந்து சேர்ந்தது. மறைக்கவும் பங்கிடவும் விற்கவும் அவர்களுக்கு வழியிருந்தது. குகைகளுள் அடைக்கலம் புகுந்த மக்களுக்குக் காவலாக நின்று, பகைப்படையை எதிர்த்தபடியே, அவர்கள் அதை ஒரு மணியும் எஞ்சாமல் எரித்துத் தீர்த்தனர். தீர்ந்த பின்னரே எலெண்ட் வீழ்ந்தான். வீழ்ந்தவனைத் தோற்றவன் என்று சொல்ல எனக்கு நா எழவில்லை. அழிவு தேடி வந்த பொருள் அப்போது எங்கும் இல்லை.