சஷ்டியின் கோணம்

கிணத்துக்கடவு பொன்மலை வேலாயுதசுவாமிக்குச் சஷ்டி விரதம் இருப்பவர் நிலவைப் பார்த்து நாள் குறிப்பதில்லை, பஞ்சாங்கத்தைப் புரட்டுகிறார். இதில் பக்திக் குறைவு ஏதுமில்லை. திதியே ஒரு கோணக் கணக்குதான்: சூரியனிலிருந்து நிலவு விலகும் ஒவ்வொரு 12 பாகையும் ஒரு திதி. வளர்பிறைச் சஷ்டி 60 பாகையில் தொடங்கி 72-இல் முடிகிறது. ஒன்றிலிருந்து அக்கோணத்தின் கொசைனைக் கழித்துப் பாதியாக்கினால், நிலவின் ஒளிர்ந்த பங்கு ஏறத்தாழக் கிடைக்கும். சஷ்டி பிறக்கையில் கால்வாசி. பிரதமையில் கூடும் ஒளி நூற்றுக்கு ஒன்றுதான், அஷ்டமியிலோ பத்து. கண்ணுக்குத் தெரியும் ஒளியை நம்பியிருந்தால் இப்படிச் சமமாகப் பிரித்திருக்க முடியாது.

கணக்கில் அடங்குவது எப்படிப் புனிதமாகும் என்று கேட்கலாம். 1825-இல் ஒரு தமிழ்ப் பஞ்சாங்கக் கணிதர் சோழிகளைத் தரையில் வைத்து, மனப்பாடமான வாய்பாடுகளாலேயே சந்திர கிரகணத்தைக் கணித்ததை இந்தியக் காலக்கணிதத்தை ஆராய்ந்த ஜான் வாரன் பதிவு செய்தார். நடுநேரத்தில் 23 நிமிடம் பிசகியது. எழுத்தே இல்லாமல் அது அபாரம்! நம் மரபில் விரதத்துக்கு நாள் குறித்ததே இத்தகைய கணக்குதான். ஆனால் பழைய வாய்பாடுகளைப் பின்பற்றும் வாக்கியப் பஞ்சாங்கமும், வானியல் கணக்கால் திருத்தப்பட்ட திருக்கணிதப் பஞ்சாங்கமும் திதி முடிவில் மணிக்கணக்கில் வேறுபடுகின்றனவே, யார் விரதம் செல்லும்? வானத்தோடு பொருந்துவது திருக்கணிதம், தயங்காமல் சொல்லலாம். ஆனால் ஊரோடு ஒப்பிய நாளில் பட்டினி கிடந்தவரின் விரதத்தை அந்தச் சில மணி நேரம் பொய்யாக்கிவிடாது. பஞ்சாங்கத்தைத் திருத்த அது நல்ல காரணம், அவ்வளவே.